நஸ்ரின் கையில் இருந்த லென்ஸ் மூடி

மேடையில் நான் தோற்ற வாதங்களை ஒரு கையின் விரல்களுக்குள் அடக்கிவிடலாம். வென்றவற்றின் சாட்சியாக எங்கள் மயிலாப்பூர் வீட்டுக் கூடத்து அலமாரியில் கோப்பைகள் மூன்று தட்டுகளை நிறைத்து நிற்கின்றன. வெள்ளிக்கிழமைதோறும் அம்மா அவற்றைத் துடைத்து வைக்கிறாள். சட்டம் படிக்கும் மாணவியாக இன்று தரமணிக்கு ரயிலேறும்போதும் அந்தக் கோப்பைகளின் மினுக்கம் கொஞ்சம் என்மீது ஒட்டிக்கொண்டுதான் வருகிறது; அதை மறைப்பானேன்? ஆனால் தோற்றிருக்கலாமே என்று நான் ஏங்கும் வாதம் ஒன்று உண்டு. அதற்கு நடுவர் இல்லை, மணியடிப்பவர் இல்லை, கோப்பையும் இல்லை. எதிரணியில் இருந்தவள் என் வயதுப் பெண். தன் தரப்புக்காக அவள் சொன்னது ஒரே ஒரு வாக்கியம்.

அப்போது எனக்குப் பன்னிரண்டு வயது, ஏழாம் வகுப்பு. ஆவணப்படம் எடுக்கும் அக்கா ஒருவர் அடையாறிலிருந்து வந்தார். மந்தைவெளியில் ஒரு மருந்துக்கடையின் மாடியறையைச் சனி, ஞாயிறுகளுக்குக் கேட்டு வாங்கிக்கொண்டு, சுற்றுவட்டாரப் பள்ளிகளிலிருந்து பத்துச் சிறுமிகளைச் சேர்த்தார். சிறுமிகளைப் பற்றிப் பெரியவர்கள் எடுத்த படங்கள் நிறைய இருக்கின்றன, அவற்றில் எல்லாச் சிறுமிகளும் அழுதுகொண்டே இருக்கிறார்கள், உங்கள் படத்தை நீங்களே எடுங்கள், என்ன வருகிறது பார்ப்போம் என்றார். பள்ளி விட்டபின், மாலை நான்கு மணியிலிருந்து ஏழு மணி வரை ஒவ்வொருத்தியும் என்ன செய்கிறாள் என்பதே பொருள். சீட்டுக் குலுக்கிப் போட்டு இருவர் இருவராகப் பிரிந்தோம். ஒருத்தி மற்றவளைப் படம் பிடிக்க வேண்டும். பிறகு இடம் மாறிக்கொள்ள வேண்டும். வெட்டுவதும் ஒட்டுவதும் வரிசைப்படுத்துவதும் பத்துப் பேரும் கூடி உட்கார்ந்து.

கேமரா ஒன்றே ஒன்றுதான். அதன் உடம்போடு லென்ஸ் மூடியைப் பிணைத்திருந்த கயிற்றை முதல் நாளே அக்கா கத்தரிக்கோலால் வெட்டிவிட்டார். படம் பிடிக்கப்படுபவளின் கையில் அந்த மூடி இருக்க வேண்டும் என்பது ஏற்பாடு. தனக்குப் பிடிக்காத இடம் வந்தால் அவள் எழுந்து வந்து லென்ஸை மூடிவிடலாம். ஏன் என்று யாரும் கேட்கக் கூடாது. இதை யார் எழுதிச் சுவரில் ஒட்டுகிறீர்கள் என்று அக்கா கேட்டபோது முதலில் எழுந்த கை யாருடையது என்று சொல்லவும் வேண்டுமா? அபிராமபுரத்துப் பேச்சுப் பயிற்சி வகுப்பில் மூன்றாண்டு பழகியவள் நான். ‘மூடி, படம் பிடிக்கப்படுபவள் கையில் இருக்கும். அவள் மூடினால் படம் நிற்கும்’ என்று சார்ட் தாளில் சிவப்பு ஸ்கெட்ச் பேனாவால் எழுதி, அடியில் இரண்டு கோடுகளும் இழுத்தேன். எல்லோரும் கைதட்டினார்கள். கைதட்டல் எனக்கு அந்த வயதில் சாப்பாட்டுக்கு அடுத்த தேவை.

சீட்டில் எனக்கு வந்தவள் நஸ்ரின். கோயில் குளத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் அவளுடைய தந்தை துணிக்குச் சாயம் போடும் கடை வைத்திருந்தார். அத்தா என்று அவள் அழைப்பாள். புடவையின் நிறத்துக்கு ஒத்த ரவிக்கைத் துணி எங்கு தேடியும் அகப்படாதவர்கள், புடவையையும் ஒரு மீட்டர் வெள்ளைத் துணியையும் அவரிடம் கொண்டுபோய்க் கொடுப்பார்கள். இரண்டு நாளில் அதே நிறம் அந்தத் துணிக்கு வந்துவிடும். தியாகராய நகரின் பிளவுஸ் கடைகளிலிருந்தும் ஸ்கூட்டரில் மூட்டைகள் வந்து இறங்கும். அந்த மூட்டைகள்தாம் அவர்களுடைய சோறு.

ஆடி மாதத் தள்ளுபடிக் காலம் அது. நான் கேமராவையும் முக்காலியையும் சுமந்துகொண்டு போய் நின்றபோது, கடை வாசலில் கால் வைக்க இடமில்லாமல் துணிகள் குவிந்திருந்தன. அடுப்பில் இரண்டு அலுமினியப் பாத்திரங்கள் கொதித்தன. அத்தா ஒரு கழியால் துணியைக் கிளறிக்கொண்டிருந்தார். மணிக்கட்டு வரை நீலம் ஏறிய கை.

“பேச்சுப் போட்டில பிரைஸ் வாங்குற பொண்ணு நீதானாம்மா? நஸ்ரின் உன்னப் பத்தியே சொல்லிக்கினு இருக்கும். நம்ம கடையையும் கொஞ்சம் நல்லாப் பேசி வுடு” என்றார்.

“இவ பேச வரலை அத்தா, படம் எடுக்க வந்துருக்கா.”

“படமா? அப்ப சட்டைய மாத்திக்கினு வரேன், இரு.”

மாற்றிக்கொண்டும் வந்தார். வந்த இரண்டே நிமிடத்தில் அந்தச் சட்டையிலும் சாயம் தெறித்தது. நஸ்ரின் விழுந்து விழுந்து சிரித்தாள். அதை நான் படம் பிடித்தேன். இன்று நினைத்தாலும் அந்தக் காட்சி நன்றாகத்தான் இருந்தது.

நஸ்ரின் புத்தகப் பையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு நேரே அடுப்பருகே போய் நிற்பாள். அத்தா துணியின் ஓரத்தில் விரலகலத்துக்கு ஒரு துண்டு வெட்டிச் சாயத்தில் முக்கி எடுப்பார். அவள் அதை இஸ்திரிப் பெட்டியால் காய வைத்து, வாசல் வெளிச்சத்தில் புடவைத் தலைப்போடு சேர்த்துப் பிடிப்பாள். ஈரத்தில் பார்த்தால் எல்லாத் துணியும் அழகாகத்தான் இருக்கும், காய்ந்த பிறகு பார்ப்பதுதான் நிஜமான நிறம் என்று எனக்குப் பாடம் வேறு எடுத்தாள். பார்த்து முடித்ததும், சம்பந்தமே இல்லாமல், “அத்தா, டீ சொல்லட்டா?” என்பாள். அத்தா “ம்” என்பார். பாத்திரத்தில் இன்னொரு சிட்டிகைத் தூள் விழும். மறுபடியும் துண்டு, மறுபடியும் இஸ்திரி, மறுபடியும் டீ. கடைசியில் “மணி இன்னா அத்தா?” என்று கேட்பாள். அவர் மணி சொல்லாமலேயே துணியை இறக்கிவிடுவார்.

மூன்றாம் நாள், அத்தா மாலைத் தொழுகைக்குப் பள்ளிவாசலுக்குப் போயிருந்த நேரத்தில், கேமராவுக்குப் பின்னால் இருந்தபடியே நான் கேட்டேன்:

“ஏண்டி, அஞ்சு தடவை டீ சொல்லட்டான்னு கேட்டியே, ஒரு டீகூட வரலையே?”

அவள் முதலில் சிரித்தாள். பிறகு வாசலை எட்டிப் பார்த்தாள். எழுந்து வந்து, உள்ளங்கையில் வைத்திருந்த மூடியை லென்ஸின் மேல் வைத்து அழுத்தினாள். டக்கென்று ஒரு சத்தம். கேமராவின் சிறிய திரை கறுத்தது. அந்தக் கறுப்பின் மூலையில் சிவப்புப் புள்ளி மட்டும் அணையாமல் இருந்தது. ஒலி பதிவாகிக்கொண்டிருந்தது. அவள் நின்ற இடத்திலிருந்து அந்தத் திரை தெரியாது. எனக்குத் தெரிந்தது. பொத்தானை அழுத்த என் கட்டைவிரலுக்கு ஒரு நொடி போதும். அழுத்தவில்லை. அந்த நொடியில் நான் தீயதாக எதையும் நினைத்தேன் என்று சொல்ல முடியாது. குரல் என்றால் அது கேட்கப்பட வேண்டியது என்பதைத் தவிர எனக்கு வேறு எதுவும் கற்றுத் தரப்பட்டிருக்கவில்லை.

அவள் துணி மூட்டையின்மேல் உட்கார்ந்து சொன்னாள்:

“டீன்னா நீலம்டி. நீலம் பத்தலைன்னா டீ கேப்பேன். கரெக்டா வந்துடுச்சின்னா மணி கேப்பேன். சக்கரை வந்ததுலருந்து அத்தாவுக்கு நீலமும் பச்சையும் ஒண்ணாத்தான் தெரியுது. அதான் அந்தக் கலர் துணியெல்லாம் நான் ஸ்கூல் வுட்டு வர்ற வரைக்கும் கட்டியே வச்சிருப்பாரு. கடைக்காரங்களுக்குத் தெரிஞ்சா அவ்ளோதான், வேற எடத்துக்குத் தூக்கிக்கினு போயிடுவாங்க. நீ யாருகிட்டயும் சொல்லிடாதே.”

மூட்டையிலிருந்து தொங்கிய ஒரு நூலை இழுத்து விரலில் சுற்றினாள். பிறகு சொன்னாள்:

“எனக்கு ஒண்ணும் கஷ்டமா இல்ல. ஜாலியாத்தான் கீது. ஆனா நான் பெரிய கிளாஸ் போயி டியூஷன்லாம் வச்சிட்டா, அப்ப யாரு டீ கேப்பாங்கன்னு தெரியல.”

சட்டென்று அவள் எழுந்துபோய் இன்னொரு துண்டை இஸ்திரி போட ஆரம்பித்தாள். நாங்கள்தான் கடைசி ஜோடி; என்னை அவள் முன்பே படம் பிடித்து முடித்திருந்தாள். ஆகவே மூடி அவளிடமே தங்கிவிட்டது. திருப்பிக் கேட்க அக்காவுக்கும் நினைவில்லை.

மாடியறையில் கணினியில் அந்தப் பதிவைத் தனியாகக் கேட்டபோது எனக்கு மயிர் கூச்செறிந்தது. எத்தனை மேடைகளில் எத்தனை மேற்கோள்களை அடுக்கியிருக்கிறேன்! அவை எதற்கும் இல்லாத கனம் ‘யாரு டீ கேப்பாங்க’ என்ற அந்த வார்த்தைகளுக்கு இருந்தது. அதை மற்றவர்களுக்குப் போட்டுக் காட்டும் முன் ஒரு காரியம் செய்தேன். ‘நீ யாருகிட்டயும் சொல்லிடாதே’ என்ற இடத்தை மட்டும் வெட்டினேன். ஓட்டம் தடைப்படுகிறது என்று எனக்கு நானே காரணமும் சொல்லிக்கொண்டேன்.

பத்துப் பேரும் கூடிய ஞாயிற்றுக்கிழமை அதை ஒலிக்கவிட்டேன். திரை இருட்டாக இருந்தது. குரல் மட்டும் வந்தது. முடிந்ததும் இரண்டு பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நஸ்ரின் மட்டும் என்னைப் பார்த்தாள்.

“மூடி போட்டுத்தானேடி வச்சிருந்தேன்?”

அதுதான் அவள் தரப்பின் முழு வாதம். அதற்கு நான் எழுந்து நின்று பதில் சொன்னேன். உட்கார்ந்து பேசி எனக்குப் பழக்கமில்லை. சுவரில் ஒட்டியிருந்த சார்ட்டைச் சுட்டினேன். மூடினால் படம் நிற்கும் என்றுதானே விதி? படம் நின்றுவிட்டது, இதோ திரை இருட்டாக இருக்கிறது. ஒலியைப் பற்றி விதி ஒரு சொல்கூடச் சொல்லவில்லை. விதியை எழுதியவளே நான், எனக்குத் தெரியாதா? அதோடு விட்டேனா? உலகம் கேட்க வேண்டிய குரல் இது என்றேன். இருளுக்குள்ளிருந்து எழும் குரலுக்குத்தான் வலிமை அதிகம் என்றேன். இதை மறைத்தால் நாம் கொதிக்கிற பாத்திரங்களை மட்டுமே காட்டியவர்கள் ஆவோம் என்றேன். ஏழெட்டுத் தலைகள் ஆடின. அக்கா மட்டும் ஆடவில்லை.

“விதில இருக்கா இல்லையாங்கறது முக்கியம் இல்ல. நஸ்ரினுக்குச் சம்மதமான்னு மட்டும் சொல்லுங்க. இல்லைன்னா இப்பவே அழிச்சிடலாம்.”

எதிரணியை அவையில் வெல்ல முடியாவிட்டால் தனியே அழைத்துப் பேச வேண்டும் என்பதும் எங்கள் வகுப்பில் சொல்லிக் கொடுத்ததுதான். நஸ்ரினை மாடிப்படிக்கு அழைத்துப் போனேன். பெயர் வராது, கடை வராது என்றேன். கடையில் எடுத்த காட்சிகளை முழுவதுமாக எடுத்துவிடலாம். கடைக்காரர்கள், துணி என்று வருகிற இடங்களையும் வெட்டிவிடலாம். எல்லோருடைய பகுதியும் முடிந்தபின் கடைசியில், இருட்டில், அந்தக் குரல் மட்டும் வரும். யாருடையது என்று எவருக்கும் தெரியப் போவதில்லை.

“அப்ப என் மூஞ்சியே வராதா?”

“வராது. ஆனா எல்லாரும் ஞாபகம் வச்சிண்டு போறது உன்னைத்தான்.”

அவள் யோசித்தாள். பிறகு, “இன்னொரு வாட்டி போட்டுக் காட்டுறியா? என் கொரல் இப்டியா கீது?” என்றாள். போட்டுக் காட்டினேன். தலையைச் சாய்த்து, வேறு யாரோ பேசுவதைக் கேட்பதுபோலக் கேட்டாள். நான் வெட்டிய வாக்கியத்தைப் பற்றி அவள் கேட்பாள் என்று பயந்துகொண்டிருந்தேன். கேட்கவில்லை. அவள் கவனிக்கவில்லை என்று அன்று நிம்மதி அடைந்தேன்.

“யாருன்னு சொல்ல மாட்டியே? சத்தியமா?”

“சத்தியமா.”

“உன்கிட்ட பேசி ஜெயிக்க முடியுமா? சரி, வச்சுக்கோ” என்றாள். அத்தா சட்டை மாற்றிக்கொண்டு வந்து மறுபடியும் கறையாக்கிக்கொண்ட காட்சியும் அன்று போயிற்று. அது போகிறதே என்று அவள்தான் வருத்தப்பட்டாள்.

படத்தை அடையாறில் ஒரு சிறிய அரங்கத்தில் திரையிட்டோம். பெற்றோர்கள், உறவினர்கள், பள்ளி ஆசிரியைகள், அக்காவின் நண்பர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள். அம்மா மாம்பழ மஞ்சளில் பட்டு உடுத்தி இரண்டாம் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். நன்றியுரைக்கு இரண்டு நிமிடம் எனக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. அத்தாவுக்குக் கடை இருக்கிறது, வரமாட்டார் என்று நஸ்ரின் சொல்லியிருந்தாள். ஆனால் விளக்கு அணைகிற சமயத்தில் அவர் வந்தார். வெளுத்த சட்டை, தலையில் தொப்பி. மூன்றாம் வரிசை ஓரத்தில் இடம் பிடித்து உட்கார்ந்ததும், முன்வரிசையில் எங்களோடு இருந்த நஸ்ரினைப் பார்த்துக் கையாட்டி, “கடைய மூடிட்டே வந்துட்டேன்மா!” என்று ஊருக்கே கேட்கும்படி சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். தன் பெண்ணையும் தன் கடையையும் திரையில் பார்க்க வந்தவர் அவர்.

ஒன்பது பேரும் திரையில் வந்து போனார்கள். ஒருத்தி தம்பியை நடன வகுப்பிலிருந்து அழைத்து வந்தாள். ஒருத்தி மாடியில் தனியே கிரிக்கெட் ஆடினாள். நான் கண்ணாடி முன் நின்று கைவீசிப் பேசிப் பழகினேன், அதற்குப் பெரிய சிரிப்பலை. பிறகு திரை இருண்டது. குரல் எழுந்தது. ‘சக்கரை வந்ததுலருந்து அத்தாவுக்கு...’ என்ற இடம் வந்தபோது நான் மூன்றாம் வரிசையைத் திரும்பிப் பார்த்தேன். இருட்டில் அவர் முகம் தெரியவில்லை. சட்டையின் வெண்மை மட்டும் தெரிந்தது. அது அசையவே இல்லை. ‘யாரு டீ கேப்பாங்கன்னு தெரியல’ என்று முடிந்தபின், அரங்கம் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்த அமைதியை நான் இன்றுவரை வேறெந்த மேடையிலும் கேட்டதில்லை.

அதோடு நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் எவருக்கும் எதுவும் தெரிந்திருக்காது. அத்தாவுக்கும் மகளுக்கும் இடையிலேயே அது முடிந்திருக்கும். விளக்குகள் எரிந்தன. என்னை மேடைக்கு அழைத்தார்கள்.

நன்றி சொல்ல வேண்டியவர்களுக்கெல்லாம் நன்றி சொன்னேன். அரங்கம் இன்னும் அந்தக் குரலின் ஈரத்தில் இருந்தது. என் பேச்சு அதன்மேல் வழுக்கிக்கொண்டு போயிற்று. முடிவுரைக்கு ஒரு முத்தாய்ப்பு வேண்டும். பேச்சின் உச்சத்தில் அவையில் இருக்கும் ஒன்றைச் சுட்டிக் காட்டு, அது ஆயிரம் உவமைக்குச் சமம் என்பது எங்கள் வகுப்பின் பாடம். சத்தியம் எனக்கு மறந்துவிடவில்லை. அதை நான் மீறுகிறேன் என்பதுதான் தோன்றவில்லை. என் வலக்கை தானாகவே உயர்ந்தது.

“அவையோரே! இருளில் நீங்கள் கேட்ட குரல் கற்பனையன்று. தந்தையின் கண்ணாக நின்று, நீலம் எது, பச்சை எது என்று சாயம் பார்த்துச் சொல்லும் அந்த மகள் இதோ முன்வரிசையில் இருக்கிறாள். அவளைப் பெற்ற தந்தை இதோ, மூன்றாம் வரிசையில், நம்மோடு அமர்ந்திருக்கிறார்!”

எத்தனை தலைகள் ஒரே நேரத்தில் திரும்பின! கைதட்டல் கூரையை முட்டியது. அம்மா தலைக்குமேல் கைகளை உயர்த்தித் தட்டினாள். எல்லோரும் தன்னையே பார்ப்பதைக் கண்ட அந்த மனிதர் என்ன செய்வார்? எழுந்து நின்றார். நீலம் ஏறிய கையை நெஞ்சில் வைத்து, நாலாபுறமும் திரும்பித் தலை குனிந்து சலாம் செய்தார். புன்னகை செய்ததாகவும் எனக்கு நினைவு. முன்வரிசையில் நஸ்ரின் திரும்பிப் பார்க்கவில்லை. மடியில் கிடந்த தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். உணர்ச்சிவசப்பட்டிருக்கிறாள் என்று முடிவு செய்தேன்.

வெளியே அத்தா என்னிடம் வந்தார். “நல்லாப் பேசுனம்மா” என்றார். பக்கோடாவும் காபியும் இருக்கிறது, சாப்பிட்டுவிட்டுப் போங்கள் என்று உபசரித்தேன். “இல்லம்மா, கடை தொறந்து கெடக்குது” என்று சொல்லி நஸ்ரினின் தோளில் கை வைத்து அழைத்துக்கொண்டு போய்விட்டார். கடையை மூடிவிட்டு வந்தேன் என்று சிறிது நேரத்துக்கு முன்புதான் அவர் சொல்லியிருந்தார். அது எனக்கு உறைக்கவே இல்லை.

ஆட்டோவில் அம்மா என் கன்னத்தை வழித்து முத்தமிட்டாள். பாலத்தைத் தாண்டும்போது திடீரென்று நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

“ஏண்டி, அந்த மனுஷருக்கு நீலமும் பச்சையும் தெரியாதுன்னா, என் மயில்கழுத்துப் புடவைக்கு பிளவுஸ்துணி அங்கேன்னா குடுத்திருக்கேன்! நீ சொல்லித்தானே குடுத்தேன்?”

“அதான் நஸ்ரின் பாத்துச் சொல்லுவாளேம்மா.”

“கொழந்தைடி அது. பாவமாத்தான் இருக்கு, நேக்கும் கண்ணுல ஜலம் வந்துடுத்து. அதுக்காக? மாமா கல்யாணத்துக்குக் கட்டிக்கப் போற புடவை. நாளைக்கே போய் வாங்கிண்டு வந்துடு. நீ போனா தப்பா எடுத்துக்க மாட்டா.”

அன்று அரங்கத்தில் இருந்த பெண்மணிகளில் எத்தனை பேர் தங்கள் ஆட்டோக்களில் இதையே பேசிக்கொண்டு போனார்கள் என்று எனக்குத் தெரியாது. எங்கள் பத்துப் பேரில் ஒருத்தியின் சித்தி தியாகராய நகரில் பிளவுஸ் கடை நடத்தியவர் என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. தீபாவளிக்கு முன்பே அந்தச் சந்தில் ஸ்கூட்டர் வருவது நின்றுவிட்டதாக யாரோ சொன்னார்கள். அடுத்த கோடையில் கடை இல்லை. பல்லாவரம் பக்கம் போய்விட்டார்கள் என்றார்கள். இப்போது அங்கே செல்போன் உறை விற்கிறார்கள். எல்லாவற்றுக்கும் நானே காரணம் என்று மார்தட்டிக்கொள்வதும் ஒரு மேடைப்பேச்சாகிவிடும். சர்க்கரையும் காரணம், காலமும் காரணம். ஆனால் விரல் நீட்டியது நான். முதலில் திரும்பிப் போன துணியும் எங்கள் வீட்டுத் துணிதான்.

படம் திரையிட்ட மறுநாள் மாலை பள்ளி விட்டு நேரே கடைக்குப் போனேன். வாங்கிக்கொண்டு வரச் சொன்ன காரியம் எனக்குச் சின்னதாகவே பட்டது. முந்தைய நாள் வெற்றியைப் பற்றி நஸ்ரினோடு பேசலாமே என்ற ஆசைதான் பெரிதாக இருந்தது. அத்தா என்னைக் கண்டதும் “வாம்மா” என்றார். பிறகு பாத்திரத்தின் பக்கம் திரும்பிக்கொண்டார். நஸ்ரின் இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

“அம்மா துணியைத் திருப்பி வாங்கிண்டு வரச் சொன்னா. இப்போ அவசரம் இல்லையாம்.”

அவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். மூலையில் இருந்த குவியலில் தேடவில்லை; எங்கள் துணி கைக்கெட்டும் இடத்தில், மேலாகவே இருந்தது. வெள்ளைத் துணியையும் புடவையையும் ஓரம் பார்த்து மடித்தாள். பையில் போட்டாள். அத்தா குனிந்தபடியே, “காசு ஒண்ணும் வாங்கிடாதம்மா, நாம இன்னும் போடலல்ல” என்றார்.

“நேத்து எல்லாரும் உன்னைப் பத்தித்தான் பேசினா, தெரியுமா?” என்றேன்.

“தெரியும்” என்றாள்.

பையை என்னிடம் நீட்டியவள், ஏதோ நினைத்துக்கொண்டு, ஆணியில் மாட்டியிருந்த தன் பள்ளிப் பையைத் திறந்தாள். உள்ளேயிருந்து லென்ஸ் மூடியை எடுத்து, துணியின்மேல் வைத்தாள்.

“இதையும் எடுத்துக்கினு போ.”

“அக்காகிட்ட குடுக்கணுமா?”

“வேணாம். நீயே வச்சுக்கோ.”

“எனக்கா?”

“உனக்குத்தான்” என்று சொல்லிவிட்டு மறுபடியும் இஸ்திரிப் பெட்டியைக் கையில் எடுத்தாள். நான் இன்னும் கொஞ்ச நேரம் நின்றேன். அன்று அந்தக் கடையில் யாரும் டீ கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா பையைக் கவிழ்த்தாள். வெள்ளைத் துணியின் ஓரத்தில் குண்டூசியால் ஒரு சிறு துண்டு குத்தியிருந்தது. விரலகலம்தான்; சாயம் போட்டு, இஸ்திரி போட்டுக் காய வைத்த துண்டு. அம்மா அதை எடுத்துப் புடவைத் தலைப்பின்மேல் வைத்தாள். வைத்த இடம் தெரியவில்லை. நீலத்திலும் சேராமல், பச்சையிலும் சேராமல், இரண்டும் ஒன்றையொன்று தொடுகிற அந்த மயில்கழுத்து நிறம் அப்படியே இருந்தது. ஜன்னலருகே கொண்டுபோய்ப் பார்த்தாள், விளக்கடியில் பார்த்தாள்.

“அச்சு அசலா இருக்கேடி” என்றாள். சற்று நேரம் கழித்து, “சரி விடு, இனிமே திரும்பப் போய்க் குடுத்தா நன்னாவா இருக்கும்?” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு துண்டைத் துணிக்குள் வைத்து மடித்தாள்.

நான் அதைச் சரியாகக் காதில் வாங்கவில்லை. முக்காலியை இழுத்துப் போட்டு ஏறி நின்று, அலமாரியின் நடுத்தட்டில் இரண்டு கோப்பைகளை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக நகர்த்தி இடம் செய்துகொண்டிருந்தேன். அந்த மூடியைப் பாவாடை நுனியால் பளபளவென்று துடைத்து, எல்லோர் கண்ணிலும் படும்படி அங்கே நிறுத்தி வைத்தேன். இது என்ன என்று கேட்டவர்களுக்கெல்லாம், என் பேச்சைக் கேட்டு என் தோழி தந்த பரிசு என்று சொல்லி வந்தேன்.